தோப்பில் பங்கு கேட்டேன், திருட்டுப் புகார் வந்துவிட்டது

கடைமடையான்:
அப்பா 2017-ல் உயில் எழுதாமல் இறந்துவிட்டார். பட்டுக்கோட்டைப் பக்கம் 2 ஏக்கர் தென்னந்தோப்பு, அவரே சம்பாதித்து வாங்கியது. பட்டா இன்னும் அவர் பெயரில்தான் இருக்கிறது. வாரிசுச் சான்றிதழில் அம்மா, அண்ணன், நான், தங்கை என நாலு பேர். 2018 கஜா புயலில் பாதி மரம் சாய்ந்தபோது நான் சிங்கப்பூரில் இருந்தேன். கன்று, குழி, சொட்டுநீர்க் குழாய் எல்லாவற்றுக்கும் நான்தான் பணம் அனுப்பினேன். பாடுபட்டு வளர்த்தது அண்ணன். அதை மறுக்க மாட்டேன்.

போன மாதம் ஊருக்கு வந்து பங்கு பிரிக்கலாம் என்றேன். பேச்சு முறிந்தது. அம்மாவின் வைத்தியச் செலவுக்கு ஆள் கூப்பிட்டு ஒரு வெட்டுப் போட்டேன், 640 காய். மறுநாளே நான் தேங்காய் திருடினேன், அரிவாளைக் காட்டி மிரட்டினேன் என்று அண்ணன் புகார் கொடுத்துவிட்டார். அரிவாள் மரம் ஏற வந்தவர் இடுப்பில் இருந்தது. மூன்று நாள் காலையிலிருந்து இருட்டும் வரை ஸ்டேஷனில் உட்கார வைத்தார்கள். “பங்கு வேண்டாம் என்று விடுதலைப் பத்திரம் எழுதிக் கொடு, புகாரை முடித்துவிடலாம்” என்கிறார் விசாரிக்கிறவர். நாளைக்கு 71 வயது அம்மாவையும் கூட்டி வரச் சொல்கிறார். கையெழுத்துப் போட்டுத் தொலைத்துவிடலாமா?

செல்வியக்கா:
போடாதே தம்பி. நான் போட்டேன். கூடப் பிறந்தவனே என் வீட்டுக்காரர் மேல் மோசடிப் புகார் கொடுத்தான், ஸ்டேஷனில் வைத்தே பேசி முடித்தார்கள். வாங்கவே வாங்காத 2 லட்சத்தை வாங்கிக்கொண்டதாகப் பத்திரத்தில் எழுதியிருந்தது. அவரை வீட்டுக்கு அனுப்பினால் போதும் என்று ரிஜிஸ்டர் ஆபீஸில் கையெழுத்துப் போட்டேன். நாலு வருடம் கழித்து வக்கீலிடம் போனால், மிரட்டி வாங்கிய பத்திரத்தை ரத்து செய்ய 3 வருடத்துக்குள் வந்திருக்க வேண்டும் என்கிறார். கூடப் பிறந்தவன் மேல் கேஸ் போடுவதா என்று தயங்கியே காலத்தைக் கடத்திவிட்டேன்.

வக்கீல் மதுரை:
அக்கா சொல்வதுதான் சரி. யாருக்கு எவ்வளவு பாத்தியம் என்று முடிவு செய்வது சிவில் கோர்ட், ஸ்டேஷன் அல்ல. நீங்கள் சொல்கிறபடி அப்பாவின் சுய சம்பாத்தியம் என்றால், இந்து வாரிசுரிமைச் சட்டப்படி நாலு பேருக்கும் சமமாகக் கால் பங்கு. தனக்கும் உரிமை உண்டு என்று உண்மையாகவே நம்பி வெளிப்படையாக எடுத்தது திருட்டாகாது. சிவில் தகராறைக் கிரிமினல் வழக்காக மாற்றும் போக்கை உச்ச நீதிமன்றம் 2006-லேயே இந்தியன் ஆயில் வழக்கில் கண்டித்தது. குடும்பத் தகராறு என்றால் எஃப்.ஐ.ஆர். போடும் முன் முதற்கட்ட விசாரணை நடத்தலாம் என்று 2013 லலிதா குமாரி தீர்ப்பு சொல்கிறது.

அம்மாவை அழைத்துப் போகாதீர்கள். பெண்களையும் 60 வயது தாண்டியவர்களையும் சாட்சி விசாரணைக்கு ஸ்டேஷனுக்கு வரச்சொல்லக் கூடாது, வீட்டுக்கு வந்துதான் கேட்க வேண்டும். பி.என்.எஸ்.எஸ். என்கிற குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 179-ஆம் பிரிவு அது. உங்களையும் இனி எழுத்தில் சம்மன் கொடுத்துக் கூப்பிடச் சொல்லுங்கள்.

எனக்குக் கவலை தருவது தேங்காய் அல்ல, அரிவாள். எஃப்.ஐ.ஆர். ஆகிவிட்டால் ரத்து செய்யச் சொல்லி அதே சட்டத்தின் 528-ஆம் பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குப் போகலாம். ஆனால் மிரட்டல் என்ற குற்றச்சாட்டு ஒட்டிக்கொண்டிருந்தால், ‘அதை விசாரணையில் பார்த்துக்கொள்ளுங்கள்’ என்று சொல்லிவிட வாய்ப்பு உண்டு. அதனால் மரம் ஏறியவர், காய் வாங்கிய வியாபாரி, இவர்கள் பெயரை இன்றே எழுதி வையுங்கள். காய் விற்ற ரசீதும் ஆஸ்பத்திரி பில்லும் பத்திரம். பாகப்பிரிவினை வழக்கைத் தாமதிக்காமல் போடுங்கள், தோப்பு வருமானத்துக்குக் கணக்கும் கேளுங்கள். அதுவரை இன்னொரு வெட்டு வேண்டாம்.

ஒன்று மட்டும் கெஞ்சிக் கேட்கிறேன். நீங்கள் அனுப்பிய பணத்தை அண்ணன் மோசடி செய்தார் என்று பதிலுக்குப் புகார் கொடுக்கச் சொல்வார்கள். கொடுக்காதீர்கள். மரம் நிற்கிறது, அவர் மோசடி செய்யவில்லை. அப்படி இரண்டு பக்கமும் எஃப்.ஐ.ஆர். போட்டுக்கொண்டு பத்து வருடமாகப் பேசாத அண்ணன் தம்பிகளை வாரா வாரம் பார்க்கிறேன்.

கடைமடையான்:
அந்தப் பதில் புகார் யோசனை நேற்று எனக்கும் வந்தது, ஐயா. விட்டுவிட்டேன். அம்மாவைக் கூட்டிப் போகவில்லை. நான் மட்டும் போய் சம்மன் கேட்டேன், ‘பிறகு சொல்கிறோம்’ என்று அனுப்பிவிட்டார்கள். திங்கட்கிழமை பட்டுக்கோட்டையில் வக்கீலைப் பார்க்கிறேன். பங்குதாரர் எல்லோரையும் வழக்கில் சேர்க்க வேண்டுமாம். அம்மாவிடம் சொன்னேன். “நான் உன் பக்கமாடா, எதிர்ப் பக்கமா?” என்று கேட்டார். அதற்கு மட்டும் இன்னும் பதில் சொல்லவில்லை.