ராஜா ஹரிச்சந்திரா: 40 நிமிஷமா, ஒரு மணி நேரமா?

ரீல்பெட்டி: இந்தியாவின் முதல் முழுநீளப் படம் என்று சொல்லப்படும், பல்கேயின் மௌனப்படம் ராஜா ஹரிச்சந்திரா (1913) "வெறும் 40 நிமிஷப் படம்" என்று இங்கே ஒருத்தர் அளந்து விட்டிருக்கிறார். படம் 3,700 அடி, நாலு ரீல். 35 எம்.எம். ஃபிலிமில் அடிக்கு 16 ஃபிரேம், அதாவது 16 தனிப் படங்கள். நொடிக்கு 16 ஓடினால் நொடிக்கு ஓர் அடி. வகுத்துப் பாருங்கள், ஒரு மணி நேரம் தாண்டும். 40 என்பது 24 ஃபிரேம் கணக்கு. அது பேசும்படத்துக்கு வந்த வேகம் ஐயா!

கொட்டகைவாசி: அளந்து விட்டது நான்தான். எங்கே பார்த்தாலும் 40 என்றுதான் போட்டிருக்கிறது. அத்தனை பேரும் முட்டாள், நீங்க ஒருத்தர்தான் மேதையா?

ரீல்பெட்டி: நூறு பேர் காப்பியடித்தால் கணக்கு மாறிடுமா? அந்தக் காலத்துக் கேமராவின் கைப்பிடியை ஒரு சுற்று சுற்றினால் 8 ஃபிரேம், நொடிக்கு ரெண்டு சுற்று. ராஜா மகனுக்கு அம்பு விடக் கற்றுத்தரும் காட்சியை 24இல் ஓட்டுங்கள், கோழி கொத்துகிற மாதிரி தலையை வெட்டுவார்.

கொட்டகைவாசி: கொட்டகையில் ஆபரேட்டரும் கையால்தான் சுற்றினான். அடுத்த ஆட்டத்துக்கு நேரமானால் விரட்டுவான். 40 ஏன் ஆகாது?

ரீல்பெட்டி: 20க்கு விரட்டினாலும் 49 நிமிஷம். 40 வராது.

தோர்னேபக்தன்: ஹரிச்சந்திரா ஓடிய அதே பம்பாய் கோரனேஷன் கொட்டகையில், அதற்கு முன்னாடியே, 18 மே 1912இல் தோர்னே எடுத்த ஸ்ரீ புண்டலிக் படம் வந்தாச்சு. அதை மட்டும் யாரும் பேசமாட்டீங்க.

ரீல்பெட்டி: அது மேடை நாடகத்தைக் கேமராவில் பிடித்து, ஃபிலிமை லண்டனில் கழுவியது. பல்கே வீட்டில் ஃபிலிமுக்குத் ஓரத் துளை போட்டதே அவர் மனைவி சரஸ்வதிபாய்தான். துளை கொஞ்சம் பிசகினால் திரையில் படம் குதிக்கும், தெரியுமா?

தோர்னேபக்தன்: அப்போ பல்கே லண்டனில் வாங்கிய வில்லியம்சன் கேமரா மட்டும் பம்பாய் தாதரில் காய்த்ததா?

பழையபிரிண்ட்: புனே திரைப்படக் காப்பகத்தில் மிஞ்சியது முதல் ரீலும் கடைசி ரீலும், 1,475 அடி. அதுவே 1917இல் பல்கே திரும்ப எடுத்த படம் என்று சொல்கிற ஆய்வாளர்களும் உண்டு. எந்தப் படம் என்றே தெரியாமல் வேகத்துக்கு அடிதடியா?

ரீல்பெட்டி: 1917இலும் கைப்பிடிதான். 1,475 அடி, 16இல் இருபத்து நாலரை நிமிஷம். பதினாறே நிமிஷத்தில் முடிந்தால் யாரோ 24இல் ஓட்டியிருக்கிறார்கள்.

கொட்டகைவாசி: தமிழின் முதல் மௌனப்படம் கீசக வதம் பற்றிய பேச்சிலும் இதே அடம்தான். கடைசி வார்த்தை உங்களுடையதாகவே இருக்கணும்.

ரீல்பெட்டி: வார்த்தை வேண்டாம், வகுத்துக் காட்டுங்கள். நொடிக்கு ஓர் அடி என்றால் நிமிஷத்துக்கு 60 அடி; 3,700ஐ 60ஆல்.

கொட்டகைவாசி: 24 ஃபிரேம் வேகத்துக்கு நிமிஷம் 90 அடி; 90ஆல் வகுத்தேன். 41 வருது.

தோர்னேபக்தன்: 1912.