புளோரன்ஸ் குவிமாடத்துக்கு ரோம்தான் தாய்வீடா?

செங்கல் சித்தன்:
ஐரோப்பிய மறுமலர்ச்சி என்றாலே பழைய ரோமைத் தோண்டினார்கள், கலை பிறந்தது என்று எழுதிவிடுகிறார்கள். அதற்குச் சாட்சியாகப் புளோரன்ஸ் பேராலயக் குவிமாடத்தைக் காட்டுவதுதான் எனக்குப் பிடிபடவில்லை. ரோமின் பழங்காலக் கோயிலான பாந்தியனின் குவிமாடம் காங்கிரீட்டில் வார்த்த அரைக்கோளம். கட்டடக் கலைஞர் புரூனலெஸ்கி புளோரன்ஸில் 1420 முதல் 1436 வரை எழுப்பியதோ செங்கல். எட்டுப் பட்டை, மேலே போகப் போகக் கூம்பும் வடிவம், இரட்டைச் சுவர். அந்தக் கூம்பு வடிவத்தை 1367லேயே முடிவு செய்துவிட்டார்கள். மனிதர் பிறந்ததே 1377ல்!

ரோமாபுரி:
வடிவத்தை விடுங்கள் சித்தரே. அவ்வளவு அகலத்தை மூடலாம் என்ற துணிச்சல் எங்கிருந்து வந்தது? பாந்தியனின் விட்டம் 43 மீட்டர் சொச்சம், புளோரன்ஸில் ஏறக்குறைய 45. புரூனலெஸ்கியும் சிற்பி டொனாடெல்லோவும் ரோமில் இடிபாடுகளை அளந்து திரிந்தார்கள், ஊர்க்காரர்கள் புதையல் தோண்டுகிறவர்கள் என்று நினைத்தார்கள் என்று அவர் வாழ்க்கை வரலாற்றை எழுதிய மனெட்டி சொல்கிறாரே.

செங்கல் சித்தன்:
மனெட்டி எழுதியது 1480களில். புரூனலெஸ்கி 1446லேயே போய்விட்டார். அளந்து வரைந்த தாள் ஒன்றுகூட மிஞ்சவில்லை. வேலையைப் பாருங்கள். தரையிலிருந்து சாரம் எழுப்பி முட்டுக்கொடுக்க வழியில்லை. சுவர் உள்பக்கம் சாயச் சாய ஈரச் சுண்ணாம்பில் செங்கல் வழுக்கும். அதனால் படுத்த கற்களுக்கு நடுவே சில கற்களை நெட்டுக்குத்தாக நிறுத்தி, மீன்முள் மாதிரி சுற்றிக்கொண்டே ஏற்றினார். நிற்கிற கல் படுத்த கல்லைப் பிடித்துக்கொள்ளும். பாந்தியனில் இது ஏது?

வழிப்போக்கன்:
பாரம் மேலே ஏற்ற அவர் செய்த எருது எந்திரத்தை மறந்துவிட்டீர்கள். மாட்டைத் திருப்பவே வேண்டாம். பல்சக்கரத்தை மாற்றினால் ஏறிய வடம் இறங்கும். சரி, சண்டையைத் தொடருங்கள்.

ரோமாபுரி:
அதே ஆள் 1419ல் தொடங்கிய அனாதைக் குழந்தைகள் இல்லம்? ரோமானியப் பாணித் தூண், அரைவட்ட வளைவு. இதுவும் செங்கல் சாமர்த்தியம்தானா?

செங்கல் சித்தன்:
அதெல்லாம் பேராலயத்துக்கு எதிரே உள்ள ஞானஸ்நான மண்டபத்திலேயே இருக்கிறது. அதைப் பழைய ரோமர்களின் போர்க் கடவுளான செவ்வாயின் கோயில் என்று ஊரே நம்பியது. உண்மையில் 11, 12ஆம் நூற்றாண்டுக் கட்டடம்.

ரோமாபுரி:
நீங்களே என் வேலையைச் செய்கிறீர்கள்! ரோமர் கட்டியது என்று நம்பியதால்தானே அதற்கு அத்தனை மதிப்பு? வயது தப்பாக இருக்கட்டும், ஆசை ரோம்மேல்தான்.

செங்கல் சித்தன்:
ஆசையை வைத்துக் கூரை நிற்காது. 1436ல் அறிஞர் அல்பெர்ட்டி தன் ஓவிய நூலைப் புரூனலெஸ்கிக்குப் படைத்து எழுதிய கடிதத்தில், இந்தக் குவிமாட வேலை பழங்கால முன்னோர்களுக்கே தெரியாததாக இருக்கலாம் என்கிறார்.

ரோமாபுரி:
அதே கடிதத்தின் தொடக்கத்தைப் படியுங்கள். பழங்காலத்துக் கலைகள் அழிந்துபோயினவே என்று வருந்தித்தான் ஆரம்பிக்கிறார். புரூனலெஸ்கியைப் புகழ அவருக்குக் கிடைத்த அளவுகோலும் அந்த முன்னோர்கள்தான். தாண்டிவிட்டார் என்று சொல்லவும் ரோம் தேவைப்பட்டிருக்கிறது.

செங்கல் சித்தன்:
அளவுகோல் ரோமுடையது என்றால் ஒப்புக்கொள்கிறேன். கொத்து வேலை புளோரன்ஸுடையது. அதை விட்டுத் தரமாட்டேன்.