அம்மாவுக்கு மறதி நோய், பவர் பத்திரம் எழுதலாமா?

வில்லாபுரம்காரி:
எனக்கு 39 வயது, கல்யாணம் ஆகவில்லை. அம்மாவுக்கு 71. முப்பது வருடம் சுங்குடிச் சேலைக்கு முடிச்சுப் போட்டவர். இப்போது சில நாள் என் பெயர் சொல்கிறார், சில நாள் "நீ யாரு தாயி?" என்கிறார். ஆனால் கையில் துண்டு கிடைத்தால் போதும், ஓரத்தைக் கிள்ளிக் கிள்ளி நூல் இல்லாமலே முடிச்சுப் போடுவார்.

பொழுது சாய்ந்தால்தான் பெரும்பாடு. "வீட்டுக்குப் போகணும்" என்று வாசலுக்கு ஓடுவார். போன மாதம் அவனியாபுரம் வரை போய்விட்டார். எங்கள் தெருப் பூக்காரம்மா பார்த்துக் கூட்டி வந்தார். அன்றோடு ஜவுளிக்கடை வேலையை விட்டேன். வீட்டிலேயே நைட்டி தைக்கிறேன்.

அண்ணன் திருப்பூரில். மாதம் 4,000 அனுப்புகிறான், குறை சொல்ல மாட்டேன். (சரி, ஒன்று சொல்கிறேன்: பொங்கலுக்கு வந்தவன் இரண்டு மணி நேரத்தில் கிளம்பிவிட்டான்.) வீடும் பேங்க் பணமும் அம்மா பெயரில். "பவர் எழுதி வாங்கிவிடு" என்கிறான், அதாவது அம்மாவுக்குப் பதில் நான் கையெழுத்துப் போடும் அதிகாரப் பத்திரம். வாங்கலாமா?

இன்னொன்று, கேட்கவே கூச்சம்: நாளைக்கு எனக்கு இப்படி வந்தால் வாசலுக்கு ஓடிவந்து பிடிக்க யார் இருக்கிறார்கள்?

திருமங்கலம் பத்திர எழுத்தர்:
தங்கச்சி, அவசரப்படாதீங்க. எழுதிக் கொடுத்தவருக்கு மனத்தெளிவு போனால் பவரும் செல்லாது. 1872ஆம் வருட ஒப்பந்தச் சட்டம், 201ஆம் பிரிவு. அம்மாவுக்குப் புரியாமல் கைநாட்டு வாங்கினால் நாளைக்கு அண்ணனே கோர்ட்டில் உடைப்பார். இன்னும் புரிந்து கையெழுத்துப் போடுவார் என்றால், டாக்டர் சான்றோடு பேங்க் கணக்கில் உங்களையும் சேருங்கள். இருவரில் யார் வேண்டுமானாலும் எடுக்கலாம் என்று இருக்க வேண்டும். அந்த நிலை தாண்டிவிட்டால், காப்பாளராக நியமிக்கச் சொல்லி கோர்ட்டுக்குப் போவதுதான் வழி.

செல்லூர் மருமகள்:
என் மாமியாரை ஒன்பது வருடம் பார்த்தேன். இருட்டும் முன்பே எல்லா லைட்டையும் போடுங்க, நிழல் விழுந்தால் மிரளுவாங்க. "இதுதானே நம்ம வீடு" என்று வாதாடவே கூடாது. "சரி, காப்பி குடிச்சிட்டுப் போவோம்" என்றால் அடங்கும். வளையலில் போன் நம்பர் பொறித்து மாட்டிவிடுங்க. பிரஷர், சுகர் இருந்தால் 'மக்களைத் தேடி மருத்துவம்' என்ற தமிழக அரசுத் திட்டத்தில் மாத்திரை வீட்டுக்கே வரும், கியூவில் நிற்க வேண்டாம். அப்புறம் உங்களுக்கு: வருமான வரி கட்டாதவர் என்றால் அடல் பென்ஷன் என்ற மத்திய அரசுத் திட்டத்தில் பணம் கட்டிச் சேருங்க. 60 வயதுக்கு மேல் மாதம் 1,000 முதல் 5,000 வரை கிடைக்கும். 40 வயது வரைதான் சேர்ப்பாங்க, தள்ளிப்போடாதீங்க.

வில்லாபுரம்காரி:
அண்ணே, அக்கா, ரொம்ப நன்றி. பவர் பேச்சை விட்டுவிட்டேன், திங்கட்கிழமை டாக்டரிடம் போகிறோம். நான் 60ஐத் தொடும்போது 5,000 ரூபாய்க்கு என்ன வாங்க முடியுமோ! இருந்தாலும் நைட்டிக் கூலியில் ஒதுக்கிக் கட்டப் போகிறேன்.

நேற்று ஐந்து மணிக்கே லைட்டைப் போட்டு, காப்பி குடித்துவிட்டுப் போவோம் என்றேன். "சீனி கம்மியா போடு" என்றார். அதற்கப்புறம் வாசல் பக்கமே போகவில்லை.

பூக்காரம்மாவிடம் என் நம்பரைக் கொடுத்து வைத்திருக்கிறேன். அவரும் தனியாள்தானாம். அவர் நம்பரை நானும் வாங்கிக்கொண்டேன்.