50 லட்சம் வீட்டுக் கடன்: 20 ஆண்டா, 30 ஆண்டா? கடைசியில் எவ்வளவு கட்டியிருப்போம்?

உறையூர் மகள் எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். திருச்சியில் பழைய தனி வீடு ஒன்றை 65 லட்சம் ரூபாய்க்குப் பேசி முன்பணம் கொடுத்திருக்கிறோம். 15 லட்சம் எங்கள் சேமிப்பு. மீதி 50 லட்சத்துக்கு வங்கிக் கடன். எனக்கு வயது 36, கணவருக்கு 39. இருவரும் தனியார் நிறுவனங்களில் வேலை பார்க்கிறோம். பிடித்தம் போக இருவருக்கும் சேர்த்து மாதம் 1,05,000 ரூபாய் கைக்கு வருகிறது. இப்போது 14,000 ரூபாய் வாடகையில் இருக்கிறோம்.

வட்டி 8.5 சதவீதம், மிதவை வட்டி (இடையில் ஏறி இறங்கக் கூடியது). 20 ஆண்டு என்றால் மாதத் தவணை 43,391 ரூபாய், 30 ஆண்டு என்றால் 38,446 ரூபாய் என்று வங்கியில் கணக்குப் போட்டுக் கொடுத்தார்கள். மாதம் ஐயாயிரம் மிச்சமாகும், பிள்ளைகள் படிப்புக்கு உதவும், ஆகவே 30 ஆண்டே எடுத்துக்கொள்ளுங்கள் என்பது அங்குள்ள அலுவலரின் யோசனை. கடனுக்கான காப்பீடு என்று 1,80,000 ரூபாயையும் கடனோடு சேர்த்துவிடலாம், கையிலிருந்து எதுவும் தர வேண்டியதில்லை என்கிறார். என் அப்பாவோ, வட்டியாகவே இன்னொரு வீட்டைக் கட்டிக் கொடுக்கப் போகிறாய் என்று வருத்தப்படுகிறார். அவர் சொல்வது மிகையா, உண்மையா என்று எனக்குத் தெரிய வேண்டும். கடன் வாங்கி அடைத்து முடித்தவர்கள் தயவுசெய்து சொல்லுங்கள்.

காவிரிக்கரை பெரியவர் எழுதியது:

அம்மா, நான் வங்கியில் கடன் பிரிவில் பல ஆண்டுகள் இருந்து ஓய்வு பெற்றவன். உங்கள் அப்பா சொன்னதில் மிகை எதுவும் இல்லை. 20 ஆண்டுக் கணக்கில் நீங்கள் மொத்தம் கட்டுவது ஏறத்தாழ 1 கோடியே 4 லட்சம். அதில் வட்டி மட்டும் 54 லட்சம். 30 ஆண்டுக் கணக்கில் மொத்தம் 1 கோடியே 38 லட்சம். வட்டி 88 லட்சம். மாதம் ஐயாயிரத்துக்குச் சற்றுக் குறைவாக மிச்சப்படுத்துவதற்காக 34 லட்சம் ரூபாய் கூடுதலாகக் கொடுக்கிறீர்கள். அலுவலர் உங்களிடம் முதல் எண்ணைச் சொன்னார், இரண்டாவது எண்ணைச் சொல்லவில்லை.

ஆனால் மொத்தத் தொகையைவிட, ஆரம்ப ஆண்டுகளில் என்ன நடக்கிறது என்பதைத்தான் எல்லோரும் கவனிக்கத் தவறுகிறார்கள். முதல் மாதம் நீங்கள் கட்டும் 43,391 ரூபாயில் 35,417 ரூபாய் வட்டிக்குப் போய்விடும். அசலில் குறைவது 7,974 ரூபாய். ஐந்து ஆண்டுகள் ஒரு தவணை கூடத் தவறாமல் 26 லட்சம் ரூபாய் கட்டிய பிறகும் அசலில் 5 லட்சத்து 94 ஆயிரம்தான் கழிந்திருக்கும். 44 லட்சம் பாக்கி நிற்கும். 30 ஆண்டுக் கடனில் இதே ஐந்து ஆண்டுகளில் 23 லட்சம் கட்டி, அசல் இரண்டேகால் லட்சம் மட்டுமே குறைந்திருக்கும். 20 ஆண்டுக் கடனிலேயே, தவணையில் வட்டியைவிட அசலின் பங்கு பெரிதாவதற்கு ஏறத்தாழ 12 ஆண்டுகள் ஆகும். ஏழாவது ஆண்டில் வீட்டை விற்க நினைத்து நிலுவைச் சான்றிதழ் கேட்டு வந்தவர்கள், அந்தக் காகிதத்தைப் பார்த்துவிட்டு என் மேசைக்கு எதிரே பேச்சற்று உட்கார்ந்திருந்ததை நான் பலமுறை பார்த்திருக்கிறேன். வங்கி அவர்களை ஏமாற்றவில்லை. பாக்கி நிற்கும் அசலுக்கு வட்டி என்பதுதான் கணக்கு, ஆரம்பத்தில் அசல் முழுவதும் நிற்கிறது. ஆனால் கையெழுத்துப் போடும் அன்று இதை யாராவது அவர்களுக்கு எடுத்துச் சொல்லியிருக்க வேண்டும்.

இதே காரணத்தால் ஆரம்பத்தில் கூடுதலாகக் கட்டும் பணத்துக்கு மதிப்பு அதிகம். 20 ஆண்டுக் கடனில் முதல் மாதத்திலிருந்தே தவணையோடு 5,000 ரூபாய் சேர்த்துக் கட்டி வந்தால், 240 மாதக் கடன் 187 மாதத்தில் தீர்ந்துவிடும்; வட்டியில் ஏறத்தாழ 14 லட்சம் மிச்சம். தனிநபர்கள் வாங்கும் மிதவை வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டியே அடைப்பதற்கு வங்கிகள் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே உத்தரவிட்டிருக்கிறது. கூடுதலாகக் கட்டும்போது, தவணையைக் குறைக்க வேண்டாம், காலத்தைக் குறையுங்கள் என்று எழுத்தில் கொடுங்கள்.

காப்பீட்டைப் பற்றி: 1,80,000 ரூபாயைக் கடனில் ஏற்றினால் அதற்கும் 20 ஆண்டு வட்டி ஓடும். மாதம் 1,562 ரூபாய் வீதம் கடைசியில் 3,75,000 ரூபாய் கட்டியிருப்பீர்கள். சம்பாதிப்பவருக்குக் காப்பீடு கட்டாயம் தேவை. அதில் எனக்கு மாற்றுக் கருத்தே இல்லை. ஆனால் அதை வங்கி காட்டும் இடத்தில்தான் வாங்க வேண்டும் என்று விதி கிடையாது. இருவர் பெயரிலும் தனியாக டேர்ம் பாலிசி (குறிப்பிட்ட காலத்துக்குள் இறந்தால் மட்டும் பணம் தரும் ஆயுள் காப்பீடு) எடுத்து ஆண்டுதோறும் பிரீமியம் கட்டினால், கடனை வேறு வங்கிக்கு மாற்றினாலும் அது உங்களோடு இருக்கும்.

தாம்பரம் வாசி எழுதியது:

பெரியவர் போட்டிருக்கும் கணக்கு முழுவதும் 8.5 சதவீதம் 20 ஆண்டுகளும் மாறாமல் இருக்கும் என்ற அடிப்படையில் அமைந்தது. அது மாறினால் என்ன ஆகும் என்பதற்கு நானே சாட்சி என்பதால் விரிவாக எழுதுகிறேன்; சகோதரி பொறுமையாகப் படிக்க வேண்டும்.

2021 ஜூன் மாதம் 30 லட்சம் ரூபாய் கடன் வாங்கினேன். ரெப்போ விகிதம், அதாவது ரிசர்வ் வங்கி மற்ற வங்கிகளுக்குக் கடன் தரும் வட்டி விகிதம், அப்போது 4 சதவீதம். எனக்குக் கிடைத்த வட்டி 6.75 சதவீதம். 20 ஆண்டுகளுக்குத் தவணை 22,811 ரூபாய். 2022 மே மாதம் ரிசர்வ் வங்கி வட்டியை உயர்த்தத் தொடங்கியது. 2023 பிப்ரவரிக்குள் ரெப்போ 6.5 சதவீதத்துக்கு வந்துவிட்டது. 2019 அக்டோபருக்குப் பிறகு வங்கிகள் தரும் மிதவை வட்டி வீட்டுக் கடன்கள் ரெப்போ போன்ற வெளி அளவுகோலோடு இணைக்கப்பட்டவை என்பதால், என் வட்டியும் அதே இரண்டரை சதவீதம் ஏறி 9.25 ஆனது. ஆனால் என் கணக்கிலிருந்து மாதாமாதம் கழிந்த தவணை பல மாதங்கள் அதே 22,811 ரூபாயாகவே இருந்ததால், நான் எதையும் கவனிக்கவில்லை.

உண்மையில் நடந்தது இதுதான். 29 லட்சம் ரூபாய் பாக்கிக்கு 9.25 சதவீதத்தில் ஒரு மாத வட்டி மட்டும் 22,354 ரூபாய். நான் கட்டிய 22,811 ரூபாயில் அசலுக்குப் போனது ஐந்நூறு ரூபாய் கூட இல்லை. அதே தவணையில் கடனைத் தீர்ப்பதென்றால் இன்னும் 42 ஆண்டுகள் ஆகும். அவ்வளவு காலம் வங்கி அனுமதிக்காது என்பதால், மீதமிருந்த 220 மாதங்களை 340 மாதங்களாக நீட்டி, தவணையை 24,127 ரூபாயாக உயர்த்தினார்கள். எனக்கு வந்தது ஒரு குறுஞ்செய்தி. தவணை 1,300 ரூபாய்தான் ஏறியிருக்கிறது என்று நான் நிம்மதி கூட அடைந்தேன். பத்து ஆண்டுகள் கூடியிருப்பதை, வருமான வரிக்காக ஆண்டு அறிக்கை எடுத்தபோதுதான் என் மனைவி சுட்டிக் காட்டினார்.

அன்றிரவு இருவரும் உட்கார்ந்து கணக்குப் பார்த்தோம். 24,127 ரூபாய் வீதம் 340 மாதம் என்றால் 82 லட்சம். பழைய 220 மாதத்திலேயே முடிக்க வேண்டுமானால் தவணை 27,416 ரூபாய். மொத்தம் 60 லட்சத்து 32 ஆயிரம். மாதம் 3,300 ரூபாய் கூடுதலாகக் கட்டத் தயாராக இருக்கிறீர்களா என்று யாரும் எங்களைக் கேட்கவில்லை. கேட்டிருந்தால் அன்றே சரி என்றிருப்போம். கேட்காமல் விட்டதன் விலை, வட்டி இறங்கவே இல்லை என்று வைத்துக்கொண்டால், ஏறத்தாழ 22 லட்சம் ரூபாய். கிளைக்கு நேரில் போய்க் கடிதம் கொடுத்து, காலத்தைப் பழையபடி 220 மாதமாக மாற்றிக்கொண்டேன்.

இப்போது நிலைமை சற்று மேல். வட்டி ஏறும்போது தவணையை உயர்த்துவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டிலும் கொஞ்சமா என்று வாடிக்கையாளரைக் கேட்க வேண்டும், விளைவை எண்களில் தெரிவிக்க வேண்டும் என்று 2023 ஆகஸ்ட் மாதம் ரிசர்வ் வங்கி சுற்றறிக்கை விட்டது. ஆனால் பதில் சொல்ல வேண்டியது நாம்தான். சகோதரி, குறுஞ்செய்தியில் வரும் தவணைத் தொகையை மட்டும் பார்க்காதீர்கள். மூன்று மாதத்துக்கு ஒரு முறை, இன்னும் எத்தனை மாதம் பாக்கி என்பதைப் பாருங்கள். இன்னொன்று: வெளி அளவுகோல் விதி வங்கிகளுக்குத்தான்; வீட்டு வசதி நிதி நிறுவனங்கள் தங்கள் சொந்த அடிப்படை விகிதத்தை வைத்து வட்டி போடலாம். 2025-இல் ரெப்போ குறைந்தபோது என் வட்டி தானாக இறங்கியது. அத்தகைய நிறுவனம் ஒன்றில் கடன் வாங்கிய என் தங்கை, கட்டணம் கட்டி மாற்றிக் கேட்ட பிறகே இறக்கினார்கள்.

எண்ணும் எழுத்தும் எழுதியது:

முந்தைய இருவரும் சொன்ன எண்கள் சரியானவை. ஆனால் மொத்த வட்டியைக் கூட்டிச் சொல்வதில் ஒரு குறை இருக்கிறது. இன்றைய 43,391 ரூபாயும் 20 ஆண்டு கழித்துக் கட்டும் 43,391 ரூபாயும் ஒன்றல்ல. பணவீக்கத்துக்கு ரிசர்வ் வங்கி வைத்திருக்கும் இலக்கான 4 சதவீதத்தையே எடுத்துக்கொண்டாலும், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய 19,800 ரூபாய்தான். விலைவாசியோடு சேர்ந்து தவணை ஏறாது, சம்பளமும் வாடகையும் ஏறும். ஆகவே 88 லட்சம் என்ற எண்ணைப் பார்த்து அஞ்சி, கையிருப்பு எதுவுமில்லாமல் 15 ஆண்டுக் கடனை இழுத்துப் பிடித்துக் கட்டுவதும் தவறு. ஆறு மாதத் தவணைக்குச் சமமான தொகை வங்கியில் தனியாக இருக்க வேண்டும். வேலை போன மாதத்தில் அசல் குறைந்திருப்பது சோறு போடாது.

என் யோசனை: 30 ஆண்டுக் கடனை எடுத்துக்கொண்டு, 20 ஆண்டுக்குரிய 43,391 ரூபாயை நீங்களாகவே கட்டுங்கள். அபராதம் இல்லாததால் கணக்கு அதே 240 மாதத்தில் முடியும். நெருக்கடி வந்த மாதத்தில் மட்டும் 38,446 கட்டிக்கொள்ளலாம்.

வரிச் சலுகையை நம்பிக் கணக்குப் போட வேண்டாம். சொந்தக் குடியிருப்புக்கான வட்டிக் கழிவு பழைய வரி முறையில் ஒருவருக்கு ஆண்டுக்கு 2 லட்சம் வரைதான். உங்கள் முதல் ஆண்டு வட்டியே 4 லட்சத்து 21 ஆயிரம். புதிய முறையில் அந்தக் கழிவு கிடையாது. ஆனால் 2025-26 முதல் 12 லட்சம் வரை சம்பளத்துக்கு வரியே இல்லை. உங்கள் இருவர் சம்பளமும் அதற்குள்தான் இருக்கும் என்று தோன்றுகிறது. அப்படியானால் கடனால் உங்களுக்கு மிச்சமாகும் வரி எதுவுமில்லை.

காவிரிக்கரை பெரியவர் எழுதியது:

தம்பி சொல்லும் வழி கணக்கில் சரி. நடைமுறையில், விருப்பப்பட்டுக் கட்டும் பணம் முதல் ஆண்டு பள்ளிக் கட்டணத்துக்கும் இரண்டாம் ஆண்டு வண்டிக்கும் போவதையே நான் அதிகம் பார்த்தேன். கட்டாயம் என்று எழுதிக் கையெழுத்திட்டதைத்தான் பெரும்பாலான குடும்பங்கள் கட்டுகின்றன. அதோடு, கணவருக்கு 39 வயது. 30 ஆண்டு என்றால் 69 வரை தவணை ஓடும். ஓய்வூதியம் இல்லாத வேலையில் இருப்பவருக்கு அது பாதுகாப்பல்ல. தானாகக் கழியும்படி வங்கிக்கு நிலையான உத்தரவு கொடுக்க முடியும் என்றால் மட்டும் தம்பியின் வழியை ஏற்பேன்.

உறையூர் மகள் எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. நேற்று இரவு கணவரும் நானும் இந்த எண்களை எல்லாம் ஒரு நோட்டில் எழுதிப் பார்த்தோம். 20 ஆண்டு என்று முடிவு செய்துவிட்டோம். காப்பீட்டைத் தனியாக எடுக்கப் போகிறோம். ஆனால் எழுதும்போதுதான் இன்னொரு கவலை வந்தது. எங்கள் 15 லட்சமும் வீட்டு விலைக்கே போய்விடுகிறது. பதிவுச் செலவும் கடன் தொடர்பான மற்றச் செலவுகளும் எவ்வளவு ஆகும்? அவற்றைக் கடனில் சேர்க்க முடியுமா?

காவிரிக்கரை பெரியவர் எழுதியது:

அம்மா, நல்லவேளையாக இப்போதே கேட்டீர்கள். தமிழ்நாட்டில் கிரயப் பத்திரத்துக்கு முத்திரைத் தீர்வை 7 சதவீதம், பதிவுக் கட்டணம் 2 சதவீதம். அரசு நிர்ணயித்த வழிகாட்டி மதிப்பு, பத்திரத்தில் காட்டும் விலை இரண்டில் எது அதிகமோ அதன் மீது கணக்கிடுவார்கள். முழு 65 லட்சத்துக்கும் பதிந்தால் 5 லட்சத்து 85 ஆயிரம். வீட்டின் மதிப்பில் இவ்வளவு பங்குக்குத்தான் கடன் தரலாம் என்று வங்கிகளுக்கு வரம்பு உண்டு; 30 லட்சத்துக்கு மேல் 75 லட்சம் வரையிலான கடனுக்கு அது 80 சதவீதம். அந்த மதிப்பில் முத்திரைத் தீர்வையையும் பதிவுக் கட்டணத்தையும் சேர்க்க மாட்டார்கள். வீட்டு விலைக்கு 80 சதவீதம் என்றால் 52 லட்சம். ஆகவே வருமானத்தைப் பார்த்து வங்கி ஒப்பினால் கடனை 2 லட்சம் உயர்த்தலாம். மீதியை நீங்கள்தான் திரட்ட வேண்டும். நகையை வைத்தோ தனிநபர் கடன் வாங்கியோ இதைச் சமாளித்தால், அந்த வட்டியையும் வீட்டின் விலையோடு சேர்த்தே எண்ணுங்கள்.

இதற்கு மேல் பிராசஸிங் கட்டணமும் அதற்கு 18 சதவீத ஜி.எஸ்.டி.யும், வழக்கறிஞர் கருத்துரை, மதிப்பீட்டாளர் கட்டணம், பத்திரங்களை வங்கியில் ஒப்படைத்ததைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதியும் செலவு ஆகியவை வரும். கையெழுத்திடுமுன் முக்கிய விவரக் குறிப்பை (Key Facts Statement) வங்கியில் கேட்டு வாங்குங்கள். 2024 அக்டோபர் முதல் தேதியிலிருந்து எல்லா வீட்டுக் கடனுக்கும் அதைத் தர வேண்டும். கட்டணங்களையும் சேர்த்த உண்மையான ஆண்டு விகிதம் அதில் இருக்கும். இரண்டு வங்கிகளை ஒப்பிடுவதானால் அந்த எண்ணை வைத்து ஒப்பிடுங்கள். பழைய வீடு என்பதால் கூரை ஒழுகல், மின்கம்பி, கழிவுநீர்க் குழாய் ஆகியவற்றை ஒரு கொத்தனாரையும் மின்பணியாளரையும் அழைத்துப் போய்க் காட்டி, அந்தச் செலவையும் இப்போதே எழுதி வையுங்கள்.

கடன் தீர்ந்த பிறகு 30 நாளுக்குள் மூலப் பத்திரங்களை வங்கி திருப்பித் தர வேண்டும். தன் தவறால் தாமதித்தால் நாளொன்றுக்கு 5,000 ரூபாய் உங்களுக்குத் தர வேண்டும். பத்திரம் கைக்கு வந்ததும், கடன் அடைந்ததைக் காட்டும் ரசீது ஆவணத்தைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்து, வில்லங்கச் சான்றிதழில் கடன் தீர்ந்த பதிவு ஏறியிருக்கிறதா என்று பாருங்கள். இன்று வங்கியில் ஒப்படைக்கும் ஒவ்வொரு பத்திரத்தையும் பட்டியலிட்டு, அலுவலர் கையெழுத்தோடு ஒரு நகலை வீட்டில் வைத்துக்கொள்ளுங்கள். தாய்ப்பத்திரம் எங்கே என்று 20 ஆண்டு கழித்துத் தேடும் நிலை வரக் கூடாது.