மேலத்தெரு குடும்பம் 🏡

கவிதா: ஞாயிறு தர்ஷன் பிறந்தநாள். தவளை கேம் கேக்தான் வேண்டுமாம். கடையில் படம் கேட்கிறார்கள். யாரிடமாவது இருக்கிறதா?

மீனா அத்தை: தவளையா? பிள்ளையார் போடச் சொல்லு

கவிதா: பிள்ளையாரை எப்படி அத்தை வெட்டுவது

சுரேஷ்: 😂😂

பெரியப்பா: படம் எதற்கு? நான் சொல்கிறேன். அதன் பெயர் ஃப்ராகர். 1981-ல் ஜப்பானின் கொனாமி கம்பெனி கொண்டுவந்தது. கீழே ரோடு, கார், லாரி. நடுவில் ஊதாக் கலரில் ஒரு திட்டு. அதற்கு மேல் ஆறு. மிதக்கிற கட்டை, ஆமை மேலெல்லாம் குதித்து எதிர்க்கரைக்குப் போக வேண்டும். அங்கே ஐந்து பொந்து. ஐந்தும் நிரம்பினால்தான் அடுத்த கட்டம். இதில் வேடிக்கை, தண்ணீரில் விழுந்தால் தவளை செத்துப்போகும்!

சுரேஷ்: தவளைக்கு நீச்சல் தெரியாதா?

மீனா அத்தை: கொள்ளிடக் கரையில் பிறந்த உனக்குத் தெரியுமா

கவிதா: பெரியப்பா, இவன் கேட்பது ஐபேடில் வருகிற பொம்மை வீட்டுத் தவளை. குட்டிகளைக் காப்பாற்றுமே, அது

பெரியப்பா: அதே தவளைதான் அம்மா. டாய் டவுன், 2019. ஆனால் பழையதில்தான் ருசி. சில ஆமைகள் திடீரென்று முங்கிவிடும். பொந்துக்குள் முதலை தலை நீட்டும். அவசரப்பட்டால் போச்சு. 82-ல் சிங்கப்பூரில் சம்பளம் வாங்கியதும் நேரே அந்த மிஷின் முன்னால்தான் நிற்பேன்.

ராஜு சித்தப்பா: 82-லா?

ராஜு சித்தப்பா: கமலா கல்யாணத்துக்குக் கையில் பைசா இல்லை என்று லெட்டர் போட்டது எந்த வருஷம்?

மீனா அத்தை: நுணலும் தன் வாயால் கெடும் 🐸

பெரியப்பா: சில்லறைக் காசுதான்பா

கமலா அத்தை: வளையல் இரண்டு குறைந்தது எங்கே போனது என்று இப்போது தெரிகிறது அண்ணா

சுரேஷ்: ஸ்கோர் எவ்வளவு பெரியப்பா?

பெரியப்பா: முன்னால் ஒரு தாவலுக்கு 10 பாயிண்ட்.

கமலா அத்தை: பவுன் கணக்கில் சொல்லுங்கள்

பெரியப்பா: சரி, கேக் என் செலவு.

ராஜு சித்தப்பா: வட்டி?

கவிதா: எத்தனை கிலோ சொல்லட்டும்? முட்டை இல்லாமல்தானே?

மீனா அத்தை: என் இட்லிக் கொப்பரை பொங்கலுக்குப் போனது, இன்னும் வரவில்லை

சுரேஷ்: அது கமலா அத்தை வீட்டில்

கமலா அத்தை: யார் சொன்னது?

கவிதா: கேக்!!

மீனா அத்தை: ஞாயிறு நாலரை முதல் ஆறு ராகுகாலம். அதற்குள் வெட்டாதே

கவிதா: பிள்ளைகளை ஐந்து மணிக்கு வரச் சொல்லிவிட்டேனே

மீனா அத்தை: சமோசா கொடுத்து உட்கார வை

பெரியப்பா: கடைக்காரரிடம் அந்த ஊதாத் திட்டை மறக்காமல் சொல். ஆமை ஒரு வரிசையில் மூன்று மூன்றாகவும் இன்னொன்றில் இரண்டு இரண்டாகவும் வரும்.