'கேரியர்' என்பதற்குத் தமிழ்ச் சொல் தேவை (வெள்ளிக்குள்)

கூடலூரிலிருந்து:
வணக்கம். அரிவாள்செல் சோகை (ரத்தச் சிவப்பணுக்கள் அரிவாள் போல வளைந்துவிடும் பரம்பரை நோய்) பற்றிய ஆலோசனைத் தாள் வெள்ளிக்கிழமை அச்சுக்குப் போகிறது. அதில் 'கேரியர்' என்பதற்கு 'நோய் கடத்தி' என்று போட்டிருந்தேன். ஒரு பணியர் பழங்குடிப் பெண்ணிடம் வாசித்துக் காட்டினால், "நான் என்ன கொசுவா?" என்கிறார். நியாயம்தானே? பெற்றோரில் ஒருவரிடமிருந்து மட்டும் அந்த மரபணு வந்திருக்கிறது, அவருக்கு நோய் இல்லை. கணவருக்கும் அப்படியே இருந்தால்தான், ஒவ்வொரு கருவிலும் 25 விழுக்காடு நோய்க்கு வாய்ப்பு. வேறு சொல் தாருங்கள்.

கோவையிலிருந்து:
கடத்தி வேண்டாம். பாடநூலில் அது செம்புக் கம்பி, செய்தித்தாளில் தங்கம். சுமைதாங்கி மாதிரி 'நோய்தாங்கி' எனலாமே.

யாழ்ப்பாணத்திலிருந்து:
எங்கள் பக்கம் 'காவி' இருக்கிறது. குடத்தைக் காவிக்கொண்டு வா என்பது அன்றாடப் பேச்சு. 'கா' என்பது தோளில் சுமை தூக்கும் தண்டு, காவடியில் இருப்பதும் அதுவே. புறநானூறு 206இல் ஔவையார் "காவினெம் கலனே" என்கிறார். 2000 வருடச் சொல்லை விட்டுவிட்டு 'தாங்கி' எதற்கு?

சென்னையிலிருந்து:
ஐயா, இங்கே ஒருவரிடம் பரிசோதனை அட்டையைக் கொடுத்து 'நீங்கள் காவி' என்றால் பேச்சு ரத்தத்தை விட்டு அரசியலுக்குப் போய்விடும். அப்புறம், தலைப்பில் 'மரபணுக் கலந்தாய்வு' என்றும் போடாதீர்கள். பொறியியல் இடம் கிடைக்குமென்று பிளஸ் டூ பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு வருவார்கள்.

கோவையிலிருந்து:
'ஆலோசனை' வடசொல். 'அறிவுரை' போதுமே.

கூடலூரிலிருந்து:
போதாது. அறிவுரை என்றால் 'இவரைக் கட்டாதே' என்று நாமே தீர்ப்புச் சொல்வதாகிவிடும். விவரம் சொல்வதோடு நம் வேலை முடிகிறது, முடிவு அவர்களுடையது. அரிவாள்செல் சோகையை ஒழிக்கும் தேசியத் திட்டம், 40 வயது வரையுள்ள 7 கோடிப் பேரைப் பரிசோதிக்கும் இலக்கோடு 2023 ஜூலையில் தொடங்கியது. பரிசோதனை செய்துகொண்டவர் கைக்கு அட்டை வரும், கல்யாணப் பேச்சில் ஜாதகம் போல அதையும் கேட்பார்கள். முதலில் பெண்ணுடையதைத்தான் கேட்பார்கள் என்பது என் பயம். அதில் 'நோய்' என்று தொடங்கும் எந்தப் பெயரும், தாங்கியோ காவியோ, அவர் தலையில்தான் விழும்.

சென்னையிலிருந்து:
'அரிவாள்செல் கூறு உள்ளவர்'?

கோவையிலிருந்து:
நீளம். ஆனாலும் சரி.

கூடலூரிலிருந்து:
அதையே போடுகிறேன், முதல் தடவை மட்டும் பக்கத்தில் 'கேரியர்' என்றும் வரும். ஆஸ்பத்திரியில் அப்படித்தான் கூப்பிடுகிறார்கள்.

யாழ்ப்பாணத்திலிருந்து:
அச்சடியுங்கோ. நுளம்பையும் (உங்கள் கொசு) நாங்கள் நோய்க்காவி என்றுதான் சொல்வது, அதனால் இம்முறை விட்டுத் தருகிறேன். ஆனால் 'கா' பற்றி நான் எழுதியதற்கு ஒருவரும் பதில் சொல்லவில்லை.