ராம்போ: ஐந்து படங்கள், பார்த்தவர்கள் சொல்லும் குறிப்புகள்

வியட்நாம் போரிலிருந்து திரும்பிய சிப்பாய் ராம்போவின் படங்களைப் புதிதாகப் பார்க்க உட்காருகிறவர்கள் தடுமாறுவது பெயரில்தான். 1982-இல் வந்த முதல் படத்தின் தலைப்பு 'ஃபர்ஸ்ட் பிளட்'. அந்தத் தலைப்பில் ராம்போ என்ற சொல்லே கிடையாது. வெறும் 'ராம்போ' என்று தேடினால் 2008-இல் வந்த நான்காவது படம்தான் வந்து நிற்கும். அதில் ஆரம்பித்தால் இவனைக் கொலைகாரன் என்றே நினைத்துவிடுவீர்கள். பார்க்க வேண்டிய வரிசை 1982, 1985, 1988, 2008, 2019.

முதல் படத்தில் திரையில் சாகிறவர் ஒரே ஒருவர், ராம்போவைக் காட்டில் துரத்தும் போலீஸ்காரர் கால்ட். ஹெலிகாப்டரில் பெல்ட்டைக் கழற்றிவிட்டுச் சுட்டுக்கொண்டிருப்பார். ராம்போ எறிந்த கல் கண்ணாடியில் பட்டு ஹெலிகாப்டர் ஆட, விழுந்துவிடுவார். காட்டில் மாட்டிய மற்றவர்களுக்குக் காயம் மட்டும்தான். லாக்கப்பில் சவரக்கத்தி முகத்தருகே வரும் நொடியைத் தவறவிடாதீர்கள். வியட்நாமில் அவன் பட்ட சித்திரவதை, ஒரு வசனமும் இல்லாமல் அங்கே வந்துவிடுகிறது.

*

கத்தியைக் கவனித்தால் படத்துக்குப் படம் ராம்போ மாறுவது இன்னும் பளிச்சென்று தெரியும். முதல் படத்துக்கு ஜிம்மி லைல் செய்தது 9 அங்குல அலகு, முதுகில் ரம்பப்பல், உள்ளே குடைந்த பிடி. மூடியில் திசைகாட்டி, பிடிக்குள் ஊசி, நூல், தீக்குச்சி. கிழிந்த கையை ராம்போ தைத்துக்கொள்வது அந்த ஊசியால்தான். பிழைத்துக்கிடக்கத் தேவையானதெல்லாம் ஒரு பிடிக்குள்! 1988-இல் கில் ஹிப்பன் செய்த பெரிய கத்தியில் அப்படிக் குடைந்த பிடி இல்லை. அந்தப் படத்தில் ராம்போ விலாக் காயத்தில் வெடிமருந்தைக் கொட்டிக் கொளுத்திக்கொள்கிறான். 2008-இல் இரும்பைக் காய்ச்சி அவனே அடிப்பது வெட்டுவதற்கென்றே ஆன அரிவாள் போன்ற ஒன்று.

முதல் படக் கத்தியின் மலிவான நகலை வாங்குபவர்கள் ஒன்றைத் தெரிந்துகொள்ளுங்கள். பிடி குடைவாக இருப்பதால் அலகின் இரும்பு அதற்குள் முழுதாக ஓடாது. விறகு பிளக்க அடித்தால் அந்த இணைப்பிலேயே முறியும்.

*

முடிவைப் பற்றியும் சொல்ல வேண்டும். டேவிட் மோரெலின் 1972 நாவலில் ராம்போ செத்துப்போகிறான். படத்துக்கும் அப்படியே, அவனுக்குப் போர்ப்பயிற்சி கொடுத்த கர்னல் டிராட்மேனின் துப்பாக்கியால் அவன் சாவதாக எடுத்தார்கள். முன்கூட்டிப் போட்டுக் காட்டியபோது பார்த்தவர்கள் ஏற்கவில்லை, மாற்றிவிட்டார்கள். பின்னால் வந்த நான்கு படமும் அந்த மாற்றத்தில் பிறந்தவை. வெட்டிய காட்சியின் துண்டு 2008 படத்தில், ராம்போவின் கெட்ட கனவில் வரும்.

ஆப்கானிஸ்தானில் சோவியத் படையோடு ராம்போ மோதும் 1988 படம்தான் காலத்திடம் தோற்றது. சோவியத் படை ஆப்கானிஸ்தானிலிருந்து கிளம்பத் தொடங்கியது மே 15, படம் வெளியானது மே 25.

2019 படத்தை நாவலாசிரியரே வெளிப்படையாகக் குறை சொன்னார். எனக்கும் அது தேவைப்படவில்லை. 2008 படத்தின் கடைசிக் காட்சியையும் 1982 படத்தின் முதல் காட்சியையும் அடுத்தடுத்துப் போட்டுப் பாருங்கள். பச்சை ஜாக்கெட், தோளில் சுமை, தனியாக நடக்கிற ஒருவன். 1982-இல் அவன் தேடி வந்த நண்பன் புற்றுநோயில் செத்திருப்பான். 2008-இல் அஞ்சல் பெட்டியில் அப்பாவின் பெயர் இருக்கிறது.